இல்ல முற்றத் திருமண அழைப்பிதழ்: சொல்லமைப்பும் அச்சமைப்பும்

ஆய்வுச் சுருக்கம்

திருமண மண்டபத்தை விடுத்து, வீட்டு முற்றத்திலோ தோட்டத்திலோ நெருங்கிய சுற்றத்தார் முன்னிலையில் நடைபெறும் எளிய திருமணங்களுக்கான அழைப்பிதழை எழுதும் முறையையும் அச்சிடும் முறையையும் இக்கட்டுரை விளக்குகிறது. தமிழ்த் திருமண அழைப்பிதழ் ஒரே நெடிய வாக்கியமாக அமையும் மரபுடையது. அவ்வாக்கியத்தின் ஒவ்வோர் உறுப்பும் ஒரு சமூகப் பணியை ஆற்றுகிறது. எளிமை கருதி ஓர் உறுப்பை நீக்கும்போது, அது ஆற்றிவந்த பணியை வேறொன்று ஏற்க வேண்டும் என்பதும், அழைப்பவர் யார் என்னும் வினாவே இவ்வகை அழைப்பிதழின் மையம் என்பதும் இங்கு எடுத்துக்காட்டப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: திருமண அழைப்பிதழ், இல்லத் திருமணம், வாக்கிய அமைப்பு, மரியாதைப் பன்மை, அச்சுமுறை, மெய்ப்பு.

முன்னுரை

தமிழர் திருமணத்தின் பழைய களம் மணமனையே ஆகும். அகநானூற்றின் 86 ஆம் பாடலில் பந்தலிட்டு மணல் பரப்பி, விளக்கேற்றி, மாலை தொங்கவிட்டு, விடியற்பொழுதில் நிகழும் திருமணம் காட்டப்படுகிறது. 136 ஆம் பாடலில் மணவீடு அணிசெய்யப்படுவதும் விருந்து அளிக்கப்படுவதும் பேசப்படுகின்றன. அண்மைக்காலம் வரை கிராமங்களில் வாசலை அடைத்துப் பந்தலிட்டு, தெருவில் பந்திப்பாய் விரித்து நடத்தப்பட்ட திருமணங்கள் இம்மரபின் தொடர்ச்சியே எனலாம். திருமண மண்டபங்கள் பெருகிய பின்னர் இவ்வழக்கம் குறைந்தது. 2020 ஆம் ஆண்டு கொரோனா ஊரடங்கின்போது திருமணங்களில் கூடுவோர் எண்ணிக்கை 50 ஆக வரையறுக்கப்பட்டதால், பலரும் மீண்டும் வீட்டு வாசலையே மணக்களமாகக் கொண்டனர். செலவைக் குறைக்க விரும்புவோரும், சடங்குகளைச் சுருக்க விரும்புவோரும், தெரிந்த முகங்களுக்கு நடுவே மணம் புரிய விரும்புவோரும் இன்றும் இம்முறையைத் தேர்கின்றனர்.

திருமணத்தின் இடமும் அளவும் மாறிய வேகத்தில் அழைப்பிதழின் மொழி மாறவில்லை. 60 பேர் கூடும் முற்றத்துத் திருமணத்திற்கும் ‘சுற்றமும் நட்பும் சூழ’ வருமாறு அழைக்கும் வாசகமே அச்சாகிறது. இவ்வாசகத்தை அப்படியே கொள்வதால் எழும் இடர்களையும், அதனை முற்றிலும் விடுவதால் எழும் இடர்களையும் ஆராய்ந்து, ஏற்றதொரு வடிவத்தை விளக்குவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. அழைப்பு: வாய்மொழியும் ஏடும்

தமிழ் மரபில் மண அழைப்பு முதலில் சொல்லப்பட்ட ஒன்று; பின்னரே எழுதப்பட்டது. சிலப்பதிகாரத்தின் மங்கல வாழ்த்துப் பாடலில், கோவலன் கண்ணகி திருமணச் செய்தியை யானை மீதமர்ந்த மகளிர் நகர மக்களுக்கு அறிவிக்கின்றனர். பெரியபுராணத்தின் தடுத்தாட்கொண்ட புராணத்தில் சுந்தரரின் திருமணம் குறித்த ஓலை பேசப்படுகிறது. அச்சு அழைப்பிதழ் பரவிய பின்னரும், வெற்றிலை பாக்கு வைத்து நேரில் அழைக்கும் வழக்கம் மறையவில்லை. அஞ்சலில் மட்டும் அழைப்பிதழ் வந்தால் ‘பத்திரிகைதான் வந்தது, ஆள் வரவில்லை’ என்று உறவினர் குறைபட்டுக்கொள்வதை இன்றும் கேட்கலாம்.

இதிலிருந்து ஓர் உண்மை தெளிவாகும். தமிழ்ச் சூழலில் அழைப்பது வாய். அச்சிட்ட தாள் அவ்வழைப்பிற்குச் சான்றாகவும் நினைவூட்டாகவும் அமைகிறது. விருந்தினர் தொகை சிறிதாக உள்ள இல்லத் திருமணத்தில் அனைவரையும் நேரிலோ தொலைபேசியிலோ அழைத்துவிட இயலும். ஆகவே, மரியாதைச் சொற்களின் சுமை முழுவதையும் தாள் ஏற்க வேண்டியதில்லை. அச்சு வாசகம் சுருங்க அங்கு இடம் உண்டு. நேரில் அழைக்காமல் வாசகத்தையும் சுருக்கினால் அது எளிமை ஆகாது, அலட்சியமாகவே கொள்ளப்படும்.

2. மரபு அழைப்பிதழின் வாக்கிய அமைப்பு

மரபு அழைப்பிதழ் பெரும்பாலும் தெய்வத்தின் துணையை நாடும் தலைவரியுடன் தொடங்கி, ‘அன்புடையீர்’ என்னும் விளியை அடுத்து ஒரே வாக்கியமாக நீள்கிறது. அவ்வாக்கியத்தின் உறுப்புகளைப் பின்வருமாறு வகுக்கலாம்.

அ. காலம்: நிகழும் ஆண்டின் பெயர், தமிழ் மாதம், நாள், கிழமை, நட்சத்திரம், யோகம், லக்னம், மணிக்கூற்று.
ஆ. குலவழி: இன்னாரின் பேரன், இன்னாரின் மகன் என்னும் அடைகள்.
இ. மணமக்கள்: சிரஞ்சீவி, சௌபாக்கியவதி அல்லது திருவளர்செல்வன், திருவளர்செல்வி என்னும் அடைமொழியுடன் பெயர்கள்.
ஈ. இசைவு: ‘பெரியோர்களால் நிச்சயிக்கப்பட்டு’ என்னும் தொடர்.
உ. இடம்: மண்டபம் அல்லது கோயிலின் பெயர்.
ஊ. அழைப்பு: ‘தாங்கள் தங்கள் சுற்றமும் நட்பும் சூழ வருகை தந்து மணமக்களை வாழ்த்தியருள வேண்டுகிறோம்’ என்னும் முடிப்பு.
எ. அழைப்போர்: ‘தங்கள் நல்வரவை விரும்பும்’ என்பதன் கீழ் இடம்பெறும் பெயர்ப்பட்டியல்.

தமிழ் வாக்கியத்தில் முற்றுவினை இறுதியில் நிற்கும் இயல்பினால், இவ்வளவு செய்திகளும் ‘வேண்டுகிறோம்’ என்னும் ஒற்றை வினையை நோக்கியே செல்கின்றன. செய்திகள் பலவாயினும் வினை ஒன்றே. அதன் எழுவாய் அழைக்கும் குடும்பம். திருமணம் என்னும் நிகழ்வே ‘நடைபெற இருப்பதால்’ என்னும் எச்சத்துள் அடங்கிவிடுகிறது. மணமக்களின் பெயர்கள் நான்காம் வேற்றுமை ஏற்று (செல்வனுக்கும், செல்விக்கும்) நிற்கின்றன, எழுவாயாக நிற்பதில்லை. குடும்பம் முன்னிற்க, மணமக்கள் வாழ்த்தைப் பெறுவோராக நிற்கும் சமூக ஒழுங்கை இவ்வாக்கியத்தின் இலக்கணமே சுமந்துள்ளது.

இவ்வமைப்பிற்கு ஒரு நன்மை உண்டு. அனைவரும் ஒரே வடிவத்தைப் பின்பற்றுவதால் யாரும் சொல் தேர்வில் தவறிழைக்க நேர்வதில்லை. இதற்குக் குறையும் ஒன்று உண்டு. வருவோர்க்கு முதன்மையாகத் தேவைப்படும் இடமும் நேரமும் நீண்ட அடைகளுக்கு நடுவே புதைந்துவிடுகின்றன. மண்டபத் திருமணத்தில் இக்குறை பெரிதாகத் தோன்றாது. மண்டபம் ஊரறிந்த இடம். இல்லத் திருமணத்தில் இது இடராகிறது.

3. இடத்தைச் சுட்டும் சொல்

வீட்டைச் சூழ்ந்த வெளியைக் குறிக்கத் தமிழில் சொற்கள் பல உள்ளன. வாசல், முற்றம், களம், தோட்டம், கொல்லை, புழக்கடை ஆகியவை அவற்றுட் சில. வீட்டின் பின்புற வெளிக்குப் பொருளளவில் நெருங்கியவை கொல்லையும் புழக்கடையும். எனினும் இவ்விரு சொற்களும் அழைப்பிதழுக்கு ஒவ்வாதவை. கிணற்றடி, பாத்திரம் துலக்கும் இடம், கழிவறை ஆகியவற்றோடு இணைந்த பொருட்சாயல் அவற்றிற்கு உண்டு. ‘கொல்லைப்புற வழியாக’ என்னும் தொடர் முறையற்ற நுழைவையும் குறிக்கும். மங்கல நிகழ்வை முன்வாசலில் நடத்துவதே வழக்கமாதலால், பின்புற வெளியில் நடத்துவோரும் சொல்லளவில் அதனைத் ‘தோட்டம்’ என்றே வழங்குதல் பொருந்தும்.

‘முற்றம்’ என்னும் சொல் வீட்டின் முன்வெளியையும், நாற்கட்டு வீட்டின் நடுவே வானம் நோக்கித் திறந்த வெளியையும் குறிக்கும். ஆதலின் ‘எங்கள் இல்ல முற்றத்தில்’ என்பது பெரும்பாலான இடங்களுக்குப் பொருந்திவரும். நிலத்தோடு கூடிய வீடாயின் ‘எங்கள் வீட்டுத் தோட்டத்தில்’ என்பது மேலும் தெளிவு தரும். வேளாண் குடும்பங்களில் நெல்லடிக்கும் களமே பந்தலிடும் இடமாகவும் அமைவதால், ‘வீட்டுக் களத்தில்’ என்பதும் பொருந்துகிறது. ‘இல்லம்’, ‘வீடு’ என்னும் இரண்டனுள் முன்னது மரியாதை நடைக்கும், பின்னது நெருக்கம் தோன்றும் நடைக்கும் உரியன.

இடச்சொல்லை அடுத்து, எவர் வீடு என்பதும் தெளிவுபட வேண்டும். இரு வீட்டாரும் சேர்ந்து அழைக்கும்போது ‘எங்கள் இல்லம்’ என்பது மயக்கம் தரும். ‘மணமகள் இல்லத் தோட்டத்தில்’ என்றாற்போல எழுதுதல் வேண்டும். கதவு எண், தெரு, அருகிலுள்ள பேருந்து நிறுத்தம், வாகனம் நிறுத்தும் இடம் ஆகியவற்றைத் தனி வரிகளில் தருதல் இன்றியமையாதது. வரைபடத்திற்கான க்யூஆர் கோடு இளையோர்க்குப் பயன்படும். முதியோர்க்கு ‘பிள்ளையார் கோயிலை அடுத்த இரண்டாவது தெரு’ என்பது போன்ற ஒரு வரியே வழிகாட்டும்.

4. அழைப்பவர் யார்?

மரபு வடிவில் அழைப்பவர் பெற்றோர். நடைமுறையில் பெரும்பாலும் தந்தை. தந்தை இறந்துபட்ட குடும்பங்களில் தாயின் பெயரை அழைப்போராகப் போடாது, பெரியப்பா, சித்தப்பா அல்லது தாய்மாமன் பெயரில் அழைக்கும் வழக்கம் பல குடும்பங்களில் இருந்து வந்துள்ளது. கைம்பெண்ணை மங்கல நிகழ்வின் முன்வரிசையிலிருந்து விலக்கும் நம்பிக்கையின் அச்சு வடிவமே இது. வளர்த்துப் படிக்கவைத்து, திருமணச் செலவையும் ஏற்கும் ஒருவரின் பெயர், அத்திருமணத்தின் எழுத்துச் சான்றில் இடம்பெறாது போகிறது. இடம்பெற்றாலும் குலவழி அடையில் ஒரு சொல்லாக ஒதுங்குகிறது.

எளிய திருமணத்தைத் தேர்வோர் முதலில் கைவைக்க வேண்டிய இடம் இதுவே. சடங்கைக் குறைத்து, செலவைக் குறைத்து, வாசகத்தையும் குறைத்த பின்னர், இவ்விலக்கை மட்டும் அப்படியே விட்டுவைத்தால் அவ்வெளிமை முழுமை பெறாது. ‘(தாயின் பெயர்) ஆகிய நான், என் மகளின் திருமணத்திற்குத் தங்களை அழைக்கிறேன்’ என்று ஒருமை வினையில் ஒரு தாய் அழைக்கும் வாசகம் இலக்கணப் பிழையற்றது, மரியாதைக் குறைவும் அற்றது. ‘அழைக்கிறோம்’ என்னும் தன்மைப் பன்மைக்குப் பழகிய காதுகளுக்கு அது புதிதாகத் தோன்றலாம். அழைப்பவர் ஒருவரே என்னும் உண்மையை அது மறைப்பதில்லை.

மணமக்களே அழைக்கும் வாசகம் இரண்டாவது வகை. ‘எங்கள் திருமணத்திற்குத் தங்களை அன்புடன் அழைக்கிறோம்’ என்னும்போது, முன்பு நான்காம் வேற்றுமையில் நின்ற மணமக்கள் எழுவாய் ஆகின்றனர். இங்கு ஒன்றைக் கருத வேண்டும். ‘பெரியோர்களால் நிச்சயிக்கப்பட்டு’ என்னும் தொடர் நீங்கியதும், பெற்றோர்க்கு இதில் உடன்பாடு இல்லையோ என்னும் ஐயம் படிப்போர்க்கு எழக்கூடும். விருப்பத் திருமணங்களிலும் சாதி கடந்த திருமணங்களிலும் இவ்வையம் குடும்பத்திற்கு மனவருத்தம் தரும் அளவுக்கு வளர்வதுண்டு. பெற்றோர் உளமார இசைந்திருப்பின் ‘எங்கள் பெற்றோரின் இசைவுடனும் மகிழ்வுடனும்’ என ஒரு தொடர் சேர்ப்பது போதும். இசைவு இல்லாவிடில், அதனை இருப்பதாகக் காட்டும் சொல்லைத் தவிர்ப்பதே நேர்மை; மௌனம் அங்குத் தவறாகாது.

பெயர்ப்பட்டியல் தனியே கருதத்தக்கது. ‘தங்கள் நல்வரவை விரும்பும்’ என்பதன் கீழ் எவர் பெயர் விடுபட்டது, எவர் பெயர் கீழே இறங்கியது என்பன உறவுப் பிளவிற்கே காரணமாவதுண்டு. சிறிய திருமணத்தில் பட்டியலைச் சுருக்குவதைவிட முழுவதும் நீக்குவது நல்லது. நால்வர் பெயரை மட்டும் போட்டால் ஐந்தாமவர் வருந்துவார். எவர் பெயரும் இல்லையெனில் வருந்துவதற்குக் காரணம் இல்லை. பெயரோடு ஒட்டிவரும் சாதிப் பின்னொட்டை விடுவதற்கும் இதுவே தக்க தருணம்.

5. அழைக்கப்படுவோர்: எண்ணிக்கையும் மரியாதையும்

‘சுற்றமும் நட்பும் சூழ’ என்பது வாய்பாடாகத் தேய்ந்துவிட்டாலும் அதன் நேர்ப்பொருள் இன்னும் உயிர்ப்புடன் உள்ளது. அதனைப் படித்து நால்வர் வர வேண்டிய வீட்டிலிருந்து ஒன்பதின்மர் வந்தால், அழைத்தவர் குறைசொல்ல இயலாது. முற்றத்தில் இடமும் அடுப்பில் சோறும் அளவுக்கு உட்பட்டவை. ஆகவே இத்தொடரை விடுத்து ‘குடும்பத்துடன்’ என்னும் சொல்லைக் கொள்ளலாம்.

‘குடும்பம்’ எவ்வளவு விரியும் என்பது அடுத்த வினா. தங்கள் வீட்டிற்கு இத்தனை இருக்கை மட்டுமே என்று அச்சிடுவது தமிழ் விருந்தோம்பலில் அவமதிப்பாகவே கொள்ளப்படும். வருகையை மடல்வழி உறுதிசெய்யக் கோருவதும் பழக்கத்தில் இல்லை. இதற்கு மரபிலேயே வழி உண்டு. உறையின் மேல் பெயர் எழுதும் முறையே அது. ‘திரு, திருமதி’ என இருவர் பெயரை எழுதுவதும், ‘குடும்பத்தினர்’ எனச் சேர்த்து எழுதுவதும் வெவ்வேறு அழைப்புகள். அச்சு வாசகம் பொதுவாக இருக்க, உறை எல்லையைச் சுட்டுகிறது; நேரில் அழைக்கும்போது சொல்லும் சொல் அதனை உறுதிசெய்கிறது. ‘நெருங்கிய உறவினரும் நண்பர்களும் கூடும் எளிய நிகழ்வு’ என்னும் ஒரு வரி, அழைக்கப்படாதோர் கையில் அழைப்பிதழ் கிடைத்தாலும் அவர்க்கு விளக்கமாக அமையும்.

மரியாதைச் சொல்லைப் பொறுத்தவரை, ஒருவரைப் பன்மையால் சுட்டுவது வழக்கில் வந்த உயர்வுச் சொல்லே அன்றி இலக்கண நெறியன்று எனத் தொல்காப்பியக் கிளவியாக்கம் பகுத்துரைப்பது இங்கு நோக்கத்தக்கது. மரியாதைப் பன்மை இலக்கணத்தில் பிறக்காமல் உறவில் பிறக்கிறது. எனவே உறவிற்கேற்ப அதன் படி மாறலாம். ‘தாங்கள்’ அனைவர்க்கும் பொருந்தும். ‘நீங்கள்’ நண்பர்க்கும் உடன் பணிபுரிவோர்க்கும் இயல்பானது. ‘வாழ்த்தியருள’ என்பதிலுள்ள ‘அருள்’ என்னும் துணைவினை விருந்தினரை மிக உயரத்தில் நிறுத்துகிறது. ‘வாழ்த்த’ என்பதே இல்லத் திருமணத்திற்குப் போதுமானது. பேச்சுமொழியில் ‘வாங்க’ என்று அச்சிடுவது இளையோர்க்கு உவப்பாயினும், அதே தாள் தாத்தாவின் கைக்கும் செல்லும் என்பதை மறத்தலாகாது. பேச்சுமொழியைக் கையாளாமலே நெருக்கத்தை உணர்த்த இயலும். குறுகிய வாக்கியமும் நேரிய வினையும் அதற்கு உதவும்.

6. காலம், உணவு, மொய்

‘காலை 9.00 மணிக்கு மேல் 10.30 மணிக்குள்’ என்னும் மணிக்கூற்று தாலி கட்டும் நல்லவேளையைக் குறிப்பது; விருந்தினர் வரவேண்டிய நேரத்தைக் குறிப்பதன்று. மண்டபத்தில் பந்தி தொடர்ந்து நடைபெறுவதால் எவர் எப்போது வந்தாலும் உணவு கிடைக்கும். ஒரே பந்தியாகப் பரிமாறப்படும் இல்லத் திருமணத்தில் ‘திருமணம் காலை 9.30 மணி, மதிய உணவு 12.00 மணி’ என இருநேரங்களையும் பிரித்துக் காட்டுதல் வேண்டும்.

ஆண்டைக் குறிக்கும்போது அறுபதாண்டுச் சுழற்சிப் பெயரையோ திருவள்ளுவர் ஆண்டையோ பயன்படுத்தலாம். பொது ஆண்டுடன் 31-ஐக் கூட்டித் திருவள்ளுவர் ஆண்டு கணக்கிடப்படுகிறது. 2024 ஆம் ஆண்டுப் பொங்கல் நாளில் தொடங்கியது 2055. அவ்வாண்டு தை மாதத்தில் தொடங்குவதால், சனவரியின் முற்பகுதி முந்தைய ஆண்டிற்கே உரியது. எம்முறையைக் கொண்டாலும் பொது ஆண்டு நாளும் கிழமையும் பெரிய எழுத்தில் தனியே நிற்றல் வேண்டும்.

‘அன்பளிப்புகளைத் தவிர்க்கவும்’ என்னும் வரி எளிய திருமணங்களில் மிகுந்து வருகிறது. மொய் தமிழகத்தின் பல பகுதிகளில், குறிப்பாக மொய் விருந்து நிலவும் புதுக்கோட்டை, பேராவூரணி வட்டாரங்களில், கொடுத்துத் திரும்பப் பெறும் முறையாக நிலைபெற்றுள்ளது. முன்பு தாம் பெற்ற மொய்யைத் திருப்பிச் செலுத்த வருபவரைத் தடுத்தால் அவர் கடன்பட்டவராகவே நிற்பார். அது அவர்க்குத் தலைக்குனிவு. இவ்வட்டாரங்களில் அச்சில் தடை விதிக்காமல், வாய்மொழியாக அவரவர்க்கு ஏற்பச் சொல்லுதல் நலம். பிற இடங்களில் ‘தங்கள் வருகையே எங்களுக்குப் பரிசு’ என்று நிறுத்திக்கொள்ளலாம்.

7. அழைப்பிதழின் சான்றுப் பயன்

1967 ஆம் ஆண்டுச் சட்டத்திருத்தத்தால் இந்து திருமணச் சட்டத்தில் சேர்க்கப்பட்ட 7-அ பிரிவு, தமிழகத்தில் சுயமரியாதைத் திருமணங்களுக்கும் சீர்திருத்தத் திருமணங்களுக்கும் சட்ட ஏற்பு அளித்தது. உறவினர், நண்பர் அல்லது பிறர் முன்னிலையில், மணமக்கள் தமக்குப் புரியும் மொழியில் ஒருவரையொருவர் ஏற்பதாக அறிவித்தல், மாலையோ மோதிரமோ மாற்றிக்கொள்ளல், தாலி அணிவித்தல் ஆகியவற்றுள் ஒன்று போதும். புரோகிதரும் மண்டபமும் அதற்குத் தேவையில்லை. முற்றத்தில் நிகழும் எளிய திருமணத்தின் சட்ட அடிப்படைகளுள் இது முதன்மையானது.

2009 ஆம் ஆண்டின் தமிழ்நாடு திருமணப் பதிவுச் சட்டம் திருமணங்களை 90 நாட்களுக்குள் பதிவு செய்யக் கோருகிறது. பதிவின்போது திருமணம் நடந்ததற்கான ஆவணங்களுள் ஒன்றாக அழைப்பிதழைக் காட்டும் வழக்கம் உண்டு. 2020 ஊரடங்கின்போது வெளியூர் செல்ல இ-பாஸ் பெறவும் அழைப்பிதழ் சான்றாக இணைக்கப்பட்டது. ஆகவே எத்துணை எளிய அழைப்பிதழாயினும், மணமக்களின் முழுப்பெயர் சான்றிதழ்களில் உள்ளவாறே அமைதல் வேண்டும். செல்லப்பெயரை மட்டும் அச்சிட்ட அழைப்பிதழ் பின்னர்ப் பயன்படாது போகலாம்.

8. மாதிரி வாசகம்

மேற்கண்டவற்றைத் தொகுத்து ஒரு மாதிரியைப் பின்வருமாறு அமைக்கலாம்.

அன்புடையீர்,
எங்கள் மகள் (முழுப்பெயர்), (முழுப்பெயர்) ஆகியோரின் திருமணம், (கிழமை, நாள், மாதம், ஆண்டு) அன்று காலை 9.30 மணிக்கு எங்கள் வீட்டுத் தோட்டத்தில் நடைபெறுகிறது. நெருங்கிய உறவினரும் நண்பர்களும் கூடும் எளிய நிகழ்வு இது. தாங்கள் குடும்பத்துடன் வந்திருந்து, மணமக்களை வாழ்த்தி, எங்களுடன் மதிய உணவு உண்ண அன்புடன் அழைக்கிறோம்.
(தாய் பெயர், தந்தை பெயர்)
(முகவரி, வழிக்குறிப்பு, தொலைபேசி எண்)

ஒற்றை நெடுவாக்கியம் இங்கு மூன்றாகப் பிரிந்துள்ளது. முதலாவது செய்தியையும், இரண்டாவது அளவையும், மூன்றாவது அழைப்பையும் ஏற்கின்றன. ‘திருமணம்’ எழுவாயாகி, ‘நடைபெறுகிறது’ என்னும் முற்றுவினை பெறுகிறது. ‘உண்ண’ என்னும் சொல் விருந்தை வெளிப்படையாகச் சொல்வதால், உணவு உண்டா என்னும் ஐயம் எழாது.

9. அச்சு: தாளும் முறையும்

சிவகாசியிலிருந்து வரும் ஆயத்த அட்டைகளில் ஓவியமும் தெய்வ உருவும் முன்கூட்டியே அச்சாகியிருக்கும். வாசகம் மட்டும் உள்ளூர் அச்சகத்தில் ஏற்றப்படும். இவ்வட்டைகளைத் தேர்வோர், அவற்றிலுள்ள உரு தம் திருமண முறையோடு பொருந்துமா எனப் பார்த்தல் வேண்டும். சடங்கற்ற திருமணத்திற்கு உருவற்ற வெற்றட்டையே ஏற்றது.

ஆஃப்செட் அச்சில் தகடு செய்தலும் பொறியை ஆயத்தப்படுத்தலும் பிரதி எண்ணிக்கை எதுவாயினும் மாறாத செலவுகள். 1000 பிரதிகளுக்கு அச்செலவு பகிரப்பட்டுக் குறையும். 60 பிரதிகளுக்கு ஒவ்வொன்றின் விலையும் ஏறும். தகடு தேவையற்ற டிஜிட்டல் அச்சே சிறு எண்ணிக்கைக்கு உகந்தது. தடித்த கைவினைத் தாளிலோ அடர்நிறத் தாளிலோ அச்சிட ஸ்கிரீன் பிரிண்டிங் பொருந்தும்.

148 மி.மீ. அகலமும் 210 மி.மீ. உயரமும் உடைய ஏ5 அளவு, மூன்று வாக்கிய வாசகத்திற்கும் முகவரிக்கும் போதுமானது. 250 முதல் 300 ஜி.எஸ்.எம். வரையிலான அட்டை மடங்காது நிற்கும். முதியோர் படிக்க 12 புள்ளிக்குக் குறையாத எழுத்து வேண்டும். தமிழ்ச் சொற்கள் நீளமானவை. வரியின் இருபுறமும் சமன்செய்தால் சொற்களுக்கிடையே பெரும் வெளிகள் தோன்றும். ஆகவே நடுவே அமைத்தலோ இடப்புறம் ஒட்டியமைத்தலோ நல்லது. பெயரும் தலைப்பெழுத்தும் வெவ்வேறு வரிகளில் பிரிந்துவிடாமல் காத்தல் வேண்டும்.

அழைப்பிதழின் நான்கு மூலைகளிலும் மஞ்சள் தடவும் வழக்கமுடையோர் பளபளப்புப் பூச்சுள்ள தாளைத் தவிர்த்தல் வேண்டும். அதில் மஞ்சள் ஒட்டாது. கருநிற மை இரங்கல் அறிவிப்போடு தொடர்புடையதாகக் கருதப்படுவதால், பழுப்பு, அரக்குச் சிவப்பு, கரும்பச்சை ஆகிய நிறங்கள் வழங்கிவருகின்றன.

10. மெய்ப்புத் திருத்தம்

வாசகம் இன்று பெரும்பாலும் கைப்பேசியில் யூனிகோடில் எழுதப்பட்டு அச்சகத்திற்கு அனுப்பப்படுகிறது. பாமினி போன்ற பழைய எழுத்துரு முறையில் இயங்கும் அச்சகங்களில் அதனை மாற்றும்போது கொம்பும் துணைக்காலும் இடம்பெயர்தல் உண்டு. எனவே கைப்பேசியில் சரியாகத் தோன்றியதை நம்பாது, அச்சகம் தரும் மெய்ப்பை எழுத்தெழுத்தாகப் படித்தல் வேண்டும். பெயர், நாள், கிழமை, தொலைபேசி எண் ஆகியவற்றை ஒருவர் படிக்க மற்றவர் மூலத்தோடு ஒப்பிடுதல் சிறந்த முறை. நாளும் கிழமையும் பொருந்துகின்றனவா என நாட்காட்டியில் சரிபார்த்தலும் வேண்டும்.

மிகுந்து காணப்படும் பிழைகள் இரண்டினை இங்குச் சுட்டலாம். ‘திருவளர்ச்செல்வன்’ என ஒற்று மிகுத்து எழுதுவது பிழை; ‘வளர்செல்வன்’ வினைத்தொகையாதலின் வல்லினம் மிகாது, ‘திருவளர்செல்வன்’ என்பதே சரி. ‘விழாவிற்க்கு’ என்பதும் பிழை. றகர ஒற்றை அடுத்து மீண்டும் ஓர் ஒற்று வாராது, ‘விழாவிற்கு’ என்பதே சரி.

தொகுப்புரை

1. தமிழ் மரபில் நேரில் அழைப்பதே முதன்மை பெறுவதால், எளிய திருமணத்தின் அச்சு வாசகம் சுருங்கலாம். ஆனால் நேரழைப்பு சுருங்கலாகாது.

2. மரபு அழைப்பிதழின் ஒற்றை வாக்கியத்தைச் செய்தி, அளவு, அழைப்பு என மூன்றாகப் பிரிப்பது இல்லத் திருமணத்திற்குத் தெளிவு தருகிறது.

3. ‘கொல்லை’, ‘புழக்கடை’ என்பன பொருளால் நெருங்கியவையாயினும் வழக்கால் ஒவ்வாதவை. ‘முற்றம்’, ‘தோட்டம்’ என்பனவே ஏற்றவை.

4. ‘சுற்றமும் நட்பும் சூழ’, ‘பெரியோர்களால் நிச்சயிக்கப்பட்டு’ ஆகிய தொடர்களை நீக்குவோர், அவை ஆற்றிய பணிகளை உறைப்பெயராலும் இசைவுத் தொடராலும் ஈடுசெய்தல் வேண்டும்.

5. சிறு எண்ணிக்கைக்கு டிஜிட்டல் அச்சு ஏற்றது. எம்முறையாயினும் முழுப்பெயரும் மெய்ப்புத் திருத்தமும் இன்றியமையாதவை.

6. அழைப்போர் பெயரைத் தீர்மானிக்கும் இடத்திலேயே எளிய திருமணத்தின் கொள்கை வெளிப்படுகிறது. கணவனை இழந்த தாயின் பெயரை அழைப்பவராக அச்சிடுவதற்குக் கூடுதல் செலவு ஏதுமில்லை. அவ்வொரு வரி இடம்பெறும் அழைப்பிதழ், தாளாலும் மையாலும் எளியதாயினும், மரபின் நெடுநாள் விலக்கு ஒன்றைத் தன்னளவில் நீக்கியதாகிறது.